கடலுக்குப் போட்ட மந்திர வேலி

நேயர்களுக்கு வணக்கம். கதைகளில் வரும் கற்பனைக் கடல்களைப் பற்றிப் பேசச் சொன்னார்கள். அதில் என்னை விடாமல் பிடித்து வைத்திருப்பது ஒரு கடல்தான். ஆங்கில எழுத்தாளர் டோல்கீன் தன் சில்மரில்லியன் என்ற புத்தகத்தில் மந்திரத்தால் அடைத்து வைத்த மேற்குக் கடல். அவர் 1973-ல் காலமான பிறகு, மகன் கிறிஸ்டோபர் கையெழுத்துப் பிரதிகளைத் தொகுத்து 1977-ல் கொண்டுவந்த புத்தகம் அது.

கதை இதுதான். கடலுக்கு அந்தப் பக்கம் வாலினோர், வாலார் என்ற தெய்வ சக்திகள் வாழும் நாடு. இந்தப் பக்கம் மிடில் எர்த். மார்காத் என்ற கொடியவன் சில்மரில் என்ற ஒளிவீசும் மணிகளைத் திருடிக்கொண்டு இந்தப் பக்கம் ஓடிவர, எல்ஃப் என்ற சாகாவரம் பெற்ற இனத்தில் நோல்டோர் என்ற குலத்தார் பழிவாங்கத் துரத்தி வந்தார்கள். வரும் வழியில், கப்பலுக்காகத் துறைமுகத்தில் தங்கள் சொந்த இனத்தாரையே வெட்டிப்போட்டார்கள். உங்கள் அழுகையின் எதிரொலிகூட வாலினோரின் மலையைத் தாண்டி வராது என்று அவர்களுக்குச் சாபம் விழுந்தது.

அப்புறம் மார்காத் மேல் இருந்த பயத்தில் வாலார் தங்கள் மலைகளை இன்னும் செங்குத்தாக உயர்த்தினார்கள், கடலில் வடக்கிலிருந்து தெற்குவரை வலை விரித்த மாதிரி மாயத் தீவுகளைப் பரப்பினார்கள், சுற்றியுள்ள தண்ணீர் முழுக்க நிழலும் திசைமயக்கமும். இருண்ட பாறைகளை மூடுபனி மூடியிருக்க, அலை ஓயாமல் பெருமூச்சு விட்டுக்கொண்டே இருக்கும். அந்தி மங்கும் நேரத்தில் மாலுமிகளுக்கு ஒரு பெரிய களைப்பு வரும், கடலைக் கண்டாலே வெறுப்பு வரும். சரி, கொஞ்சம் இறங்கி இளைப்பாறலாம் என்று தீவில் கால் வைத்தால் தீர்ந்தது, உலகமே மாறும் நாள்வரை தூக்கம்தான். எனக்கு இந்தக் களைப்புதான் பெரிய விஷயமாகப் படுகிறது. புயலோ அசுரனோ வந்தால் எதிர்த்து நிற்கலாம், போக வேண்டும் என்ற ஆசையே உள்ளுக்குள் வற்றிப்போனால் எவன் துடுப்பு போடுவான்?

டூர்கோன் என்ற எல்ஃப் அரசன் வாலாரிடம் உதவி கேட்டு ஆள் அனுப்பினான். அவனுக்காகக் கீர்தான் என்ற எல்ஃப் கப்பல் கட்டுநர் ஏழு கப்பல் கட்டிக் கொடுத்தார். ஒன்றும் போய்ச் சேரவில்லை. கடைசிக் கப்பல் நெடுங்காலம் அலைந்து, மனம் விட்டுத் திரும்பி, சொந்தக் கரை கண்ணுக்குத் தெரிகிற இடத்தில் புயலில் உடைந்தது. பிழைத்தவன் வொரோன்வே ஒருவன்தான். இத்தனைக்கும் இவர்கள் சண்டைக்குப் போனவர்கள் இல்லை, மார்காத்திடம் அடிவாங்கி, வாலாரிடம் கெஞ்சப் போனவர்கள்.

கடந்தவன் எயாரெண்டில். அப்பா மனிதன், அம்மா எல்ஃப். அவனும் முதலில் முயன்று தோற்றவன்தான். மனைவி எல்விங் பறவை உருவில் ஒரு சில்மரிலைச் சுமந்து பறந்துவந்து சேர்ந்த பிறகு, அதை நெற்றியில் கட்டிக்கொண்டு, அந்த ஒளியில் தீவுகளையும் நிழலையும் தாண்டினான். கரையேறி மலைக் கணவாய் வழியாக நகரத்துக்குள் போனால் தெருவில் ஆளே இல்லை, எல்லாரும் திருவிழாவுக்குப் போயிருக்கிறார்கள். உடம்பிலும் செருப்பிலும் வைரத்தூள் ஒட்டி மின்ன, தனக்குத் தெரிந்த மொழிகளில் எல்லாம் கூப்பிட்டுப் பார்க்கிறான். பதில் இல்லை. மனம் கசந்து கடலுக்குத் திரும்பும்போதுதான் வாலாரின் தூதன் எயோன்வே அவனை அழைக்கிறான். எல்ஃபுகளுக்காகவும் மனிதர்களுக்காகவும் அவன் மன்னிப்புக் கேட்டான், படை புறப்பட்டது, மார்காத் வீழ்ந்தான். ஆனால் எயாரெண்டில் ஊர் திரும்ப அனுமதி இல்லை. கப்பலோடு வானத்தில் ஏற்றப்பட்டு நட்சத்திரமாகிவிட்டான். இவ்வளவு செய்தவனுக்கு அது கூடுதல் தண்டனை என்றுதான் நான் நினைக்கிறேன்.

பிற்காலத்தில் நூமெனோர் தீவு மனிதர்களுக்கு வாலார் ஒரு தடை போட்டார்கள். உங்கள் கரை கண்ணுக்கு மறையும் தூரம்வரை மேற்கே போகக் கூடாது. இது வெறும் சொல், மந்திரம் இல்லை. மரணத்துக்குப் பயந்த கடைசி அரசன் ஆர்-ஃபராசோன், சாகாவரத்தைப் பறிக்கலாம் என்று பெரும் கப்பல்படையோடு தடையை மீறிப் போகிறான். போய்ச் சேர்ந்தும் விடுகிறான். அந்த மாயத் தீவுகள் அவன் படையை நிறுத்தியதாகக் கதையில் ஒரு வரிகூட இல்லை. உதவி கேட்டு வந்த கப்பல்களை விடாத கடலில் ஆயுதம் ஏந்தியவன் கரை இறங்கினான். பிறகு வாலார் அதிகாரத்தையே கீழே வைத்துவிட்டு எல்லாவற்றையும் படைத்த கடவுளான இலூவதாரை அழைக்க வேண்டியதாயிற்று. அவர் உலகத்தையே மாற்றினார். கடல் பிளந்து கப்பல்களை விழுங்கியது, நூமெனோர் மூழ்கியது, தட்டையாக இருந்த உலகம் உருண்டையானது, வாலினோர் அதைவிட்டே விலகிப்போனது.

இந்தப் புத்தகத்தில் டோல்கீன் அந்த வேலியைப் போட்டவர்களைத் திட்டவே இல்லை. பயத்தோடு, ஆனால் நல்ல எண்ணத்தோடுதான் போட்டார்கள், மலையில் ஒரு கணவாயை மட்டும் மூடாமல் விட்டார்கள். உள்ளே இருந்த எல்ஃபுகளுக்கு வெளிக்காற்று வேண்டுமே என்பதற்காக. எயாரெண்டில் உள்ளே நடந்து போனது அந்தக் கணவாய் வழியாகத்தான்.

முழுப் புத்தகமும் மலைப்பாக இருந்தால், அதில் வரும் க்வெண்டா சில்மரில்லியன் பகுதியின் 11-வது, 24-வது அத்தியாயங்களையும், பிறகு நூமெனோர் கதை வரும் அகல்லபேத் பகுதியையும் இதே வரிசையில் படியுங்கள். பெயர்கள் குழப்பும், பரவாயில்லை, கடைசியில் இருக்கும் பெயர்ப் பட்டியல் உதவும். நன்றி, வணக்கம்.