பால் திரியாத தக்காளி சூப்: மலைநாட்டுச் சமையலறையிலிருந்து ஒரு விளக்கம்

[காட்சி: அடுப்பில் செந்நிறச் சூப் கொதிக்கிறது. அதில் ஒரு கோப்பைப் பால் ஊற்றப்படுகிறது. சில நொடிகளில் வெண்ணிறத் துணுக்குகள் மிதக்கின்றன.]

வணக்கம். நீங்கள் இப்போது பார்த்த காட்சி நம்மில் பலருடைய சமையலறையில் ஒரு முறையாவது நிகழ்ந்திருக்கும். ஒரு மணிநேரம் நின்று வதக்கி, வேகவைத்து, வடித்தெடுத்த தக்காளிச் சாற்றில் பாலை ஊற்றிய மறுகணமே அது திரிந்து, நீர் வேறு கட்டி வேறாகப் பிரிந்து நிற்கிறது. பால் பழையதன்று, காலையில் கறந்தது. பாத்திரமும் நன்றாகத் துலக்கியதுதான். அப்படியிருந்தும் ஏன் இப்படி ஆகிறது? இந்த வீடியோவின் பெரும்பகுதியை அந்த ஒரு கேள்விக்கே ஒதுக்கியிருக்கிறேன். அதற்கு விடை தெரிந்துவிட்டால், விலை உயர்ந்த கிரீம் ஒரு துளியும் இல்லாமல், நம் வீட்டுப் பசும்பாலிலேயே வழுவழுப்பான தக்காளி சூப் செய்துவிடலாம்.

தென் அமெரிக்காவின் அந்தீஸ் மலைப் பக்கத்தில் தோன்றிய தக்காளி மெக்சிகோவில் பயிராகி, 16ஆம் நூற்றாண்டில் ஐரோப்பாவுக்குச் சென்றது. 1897இல் அமெரிக்காவின் காம்பெல் நிறுவனத்தில் ஜோன் டொரன்ஸ் என்ற வேதியியலாளர் சூப்பைச் செறிவாக்கித் தகரப்பேணியில் அடைக்கும் முறையை உருவாக்கியபின் தக்காளி சூப் அங்கே வீட்டுக்கு வீடு புகுந்தது. வரலாறு இவ்வளவு போதும். அடுப்படிக்குப் போவோம்.

[காட்சி: இரண்டு கண்ணாடிக் குவளைகள். ஒன்றில் பால், மற்றதில் தக்காளிச் சாறு.]

பாலில் கேசீன் என்றொரு புரதம் இருக்கிறது. அது கண்ணுக்குத் தெரியாத மிகச் சிறிய உருண்டைகளாகப் பால் முழுவதும் மிதந்துகொண்டிருக்கிறது. அந்த உருண்டைகள் ஒவ்வொன்றின் மேற்பரப்பிலும் ஒரே வகையான மின்னேற்றம் (எதிர் மின்னேற்றம், அதாவது நெகட்டிவ்) இருப்பதால், அவை ஒன்றையொன்று தள்ளிக்கொண்டே, ஒட்டாமல் விலகி நிற்கின்றன. பால் வெண்மையாகவும் ஒரே சீராகவும் இருப்பதற்கு இந்த விலகலும் ஒரு காரணம். பாலின் அமிலத்தன்மையைக் காட்டும் பிஎச் அளவு ஏறத்தாழ 6.7. தக்காளியில் அது பெரும்பாலும் 4.2க்கும் 4.9க்கும் இடையில் இருக்கும். எண் குறையக் குறைய புளிப்பு கூடுகிறது என்று பொருள். புளிப்பு ஏறும்போது அந்த மின்னேற்றம் படிப்படியாகத் தணிந்து, பிஎச் 4.6ஐ நெருங்கும்போது இல்லாமற்போகிறது. தள்ளுவதற்கு விசை இல்லாத உருண்டைகள் ஒன்றோடொன்று ஒட்டிக் கட்டியாகின்றன. சூடு இதை இன்னும் விரைவாக்குகிறது. கொதிக்கும் சாற்றில் 4.6 வரை போக வேண்டிய அவசியமே இல்லை, அதற்கு முன்பே பால் திரிந்துவிடும்.

இந்த நிகழ்வை நாம் நாள்தோறும் விரும்பிச் செய்துகொண்டிருக்கிறோம் என்பதுதான் என்னை மிகவும் வியக்க வைக்கிறது. இரவில் இளஞ்சூட்டுப் பாலில் ஒரு கரண்டி உறை விட்டு மூடி வைக்கிறோம். நுண்ணுயிர்கள் பாலிலுள்ள சர்க்கரையை மெல்ல மெல்லப் புளிப்பாக மாற்ற, விடியும்போது அதே கேசீன் ஆறுதலாக ஒன்றோடொன்று பின்னிக்கொண்டு வலைபோலாகித் தன்னுள் நீரைப் பிடித்து வைத்திருக்கிறது. அதைத் தயிர் என்று சோற்றில் பிசைந்து உண்கிறோம். தயிருக்கும் திரிந்த சூப்புக்கும் மூலப்பொருளும் ஒன்று, வேதியியலும் ஒன்று. வேறுபாடு வேகத்தில் இருக்கிறது. பல மணிநேரத்தில் மெதுவாக நடந்தால் மென்மையான தயிர், சூட்டில் ஒரே நொடியில் நடந்தால் சொரசொரப்பான துணுக்கு. ஆகவே, திரிந்த பாலைக் கண்டு பால்காரரைக் குறை சொல்ல வேண்டாம் என்று உங்களைக் கேட்டுக்கொள்கிறேன். பால்மாவைக் கரைத்து ஊற்றினாலும் இதுவேதான் நடக்கும், ஏனென்றால் அதிலும் இருப்பது அதே கேசீன்.

அப்படியானால் கிரீம் மட்டும் ஏன் திரிவதில்லை? பசும்பாலில் கொழுப்பு ஏறத்தாழ நூற்றுக்கு 4 பங்கு, புரதம் 3 பங்குக்குச் சற்று மேல். கெட்டியான கிரீமில் கொழுப்பு 35 பங்கு அளவுக்கு உயர்ந்துவிட, புரதமோ 2 பங்கு அளவுக்குக் குறைந்துவிடுகிறது. ஒட்டிக்கொள்ளக் கேசீனும் குறைவு, இடையில் கொழுப்பும் நிறைய.

[காட்சி: சட்டியில் வெண்ணெய் உருகுகிறது. கோதுமை மா தூவப்படுகிறது.]

நம்மிடம் கிரீம் இல்லை. அந்தக் கொழுப்பின் வேலையை மாவுக்குக் கொடுக்கலாம். 2 மேசைக்கரண்டி வெண்ணெயை உருக்கி, அதில் 2 மேசைக்கரண்டி கோதுமை மாவைச் சேர்த்து, நிறம் மாறாமல் இரண்டு நிமிடம் வறுத்து, 300 மில்லிலீற்றர் பாலைச் சிறிது சிறிதாக ஊற்றிக் கிளறினால், கரண்டியின் பின்புறத்தில் படியும் அளவுக்கு அது கெட்டியாகும். மாவிலுள்ள மாச்சத்து சூட்டில் ஊதிப் பாலைத் தடிப்பாக்கி, கேசீன் உருண்டைகள் நெருங்கிக் கட்டியாவதைத் தடுக்கிறது. இனித்தான் முக்கியமான கட்டம். பாலைத் தக்காளியில் ஊற்றாதீர்கள். தக்காளிச் சாற்றைப் பாலில் ஊற்றுங்கள். ஓர் அகப்பை ஊற்றி, நன்றாகக் கலக்கி, பிறகு அடுத்த அகப்பை. அப்போதுதான் பால் முழுப் புளிப்பையும் ஒரே நேரத்தில் சந்திக்காமல் படிப்படியாகச் சந்திக்கிறது. இரண்டும் சூடாக இருக்க வேண்டும், ஆனால் கலந்தபின் கொதிக்கவே கூடாது.

சிலர் அப்பச்சோடாவைச் சேர்க்கச் சொல்வார்கள். ஒரு கிலோ தக்காளிக்குக் கால் தேக்கரண்டி போட்டால் அது நுரைத்தெழுந்து புளிப்பைக் குறைக்கும் என்பது உண்மை. இருந்தாலும் அளவு சற்றே கூடினால் சவர்க்காரத்தின் வாடை வந்துவிடும் என்பதால், பழம் மிகவும் புளிப்பாக இருக்கும் நாளில் மட்டும் அதைத் தொடுவேன். தேங்காயின் முதற்பாலை ஊற்றுவதும் நல்ல வழிதான். அதில் கேசீன் இல்லை. ஆனால் அது வேறொரு சூப், சொதியின் உறவு.

[காட்சி: பனிமூட்டத்தின் நடுவே சமையலறை ஜன்னல். விளிம்பில் வரிசையாகத் தக்காளிகள்.]

அடுத்து, சமவெளியில் இருப்பவர்களின் வீடியோக்களில் வராத ஒரு செய்தி. தக்காளியைக் குளிர்சாதனப்பெட்டியில் வைத்தால் மணம் போய்விடும் என்று பலரும் சொல்கிறார்கள். 2016இல் புளோரிடா பல்கலைக்கழகத்தின் ஆய்வாளர்களும் அவர்களுடன் பணியாற்றியவர்களும், 5 பாகையில் 7 நாட்கள் வைத்த தக்காளியை மீண்டும் ஒரு நாள் வெளியில் வைத்துப் பார்த்தபோதும் இழந்த மணம் முழுமையாகத் திரும்பவில்லை என்று காட்டினார்கள். மணத்தை உண்டாக்கும் மரபணுக்களின் இயக்கத்தையே குளிர் அடக்கிவிடுகிறது. 12 பாகைக்குக் கீழே போனாலே பழத்துக்கு நல்லதல்ல. இப்போது நுவரெலியாவின் தை மாத இரவை நினைத்துப் பாருங்கள். தேயிலைக் கொழுந்தைப் பனி கருக்கும் அந்த இரவுகளில், நம் ஜன்னல் விளிம்பே குளிர்சாதனப்பெட்டிதான்! வெலிமடைத் தோட்டத்திலிருந்து வந்த அருமையான பழமாக இருந்தாலும், அங்கே நான்கு இரவு கிடந்தால் நிறம் மட்டுமே மிஞ்சும். விறகடுப்பு இருக்கும் வீட்டில் அடுப்புத் திட்டின் ஓரத்தில் ஒரு கூடையில் வையுங்கள். என் அம்மாச்சி அப்படித்தான் வைப்பார். காரணத்தை அவர் சொன்னதில்லை, ஆனால் அவருடைய ரசத்தின் வாசம் லயத்தின் கடைசி வீடு வரை போகும்.

உயரம் இன்னொன்றையும் மாற்றுகிறது. கடல் மட்டத்தில் 100 பாகையில் கொதிக்கும் நீர், 1,868 மீற்றர் உயரத்திலுள்ள நுவரெலியாவில் ஏறத்தாழ 94 பாகையிலேயே கொதித்துவிடும். ஆகவே கொழும்பு உறவினர் 20 நிமிடம் என்று சொன்னால், வெங்காயமும் லீக்ஸும் குழைய நமக்கு அரை மணிநேரமாவது வேண்டும்.

[காட்சி: எவர்சில்வர் பாத்திரத்தில் வதங்கும் வெங்காயம்.]

செய்முறை சுருக்கமானது. நான்கு பேருக்கு, நன்றாகப் பழுத்த தக்காளி ஒரு கிலோ, ஒரு பெரிய வெங்காயம், ஒரு லீக்ஸின் வெண்பகுதி, மூன்று பல் பூண்டு. அலுமினியச் சட்டி வேண்டாம், புளிப்பில் உலோகச் சுவை இறங்கும். வெங்காயத்தையும் லீக்ஸையும் பூண்டையும் ஒரு கரண்டி வெண்ணெயில் நிறம் மாறாமல் வதக்கி, நறுக்கிய தக்காளி, உப்பு, ஒரு தேக்கரண்டி சீனி, ஒன்றரைக் கோப்பைத் தண்ணீர் சேர்த்து மூடி வேகவையுங்கள். விதையைச் சுற்றியுள்ள வழுவழுப்பான பகுதியைத் தயவுசெய்து வழித்து எறிந்துவிடாதீர்கள். சூப்புக்கு ஆழமான சுவையைத் தரும் குளூட்டமிக் அமிலம் சதையைவிட அந்தப் பகுதியில்தான் கூடுதலாக இருக்கிறது. வெந்தபின் பிளெண்டர் இருந்தால் அரையுங்கள், இல்லாவிட்டால் பருப்பு கடையும் மத்தே போதும். பிறகு வடியில் ஊற்றிக் கரண்டியால் தேய்த்து, தோலையும் விதையையும் மட்டும் நீக்குங்கள். அந்தச் சாற்றைத்தான் அகப்பை அகப்பையாகப் பாலில் சேர்க்கப் போகிறோம். மிளகுத்தூள் கடைசியில்.

உங்கள் வீட்டில் சூப் திரிந்த அனுபவம் இருந்தால், என்ன பால், எப்போது ஊற்றினீர்கள் என்று கீழே எழுதுங்கள். ஒவ்வொன்றையும் படித்துப் பதில் தருகிறேன். மறுநாளுக்கு மீதம் இருந்தால், சிறு தீயில் ஓரங்களில் ஆவி எழும் வரை மட்டும் சூடாக்கி, வாட்டிய பாணுடன் பரிமாறுங்கள்.