ஆட்டம் இன்றைக்கு இல்லை

நேயர்களுக்கு வணக்கம். 2014 பிப்ரவரி 12, ஒரு புதன்கிழமை. நான் அப்போது அமெரிக்காவின் வட கரோலினா மாநிலத்தில் டர்ஹம் என்ற ஊரில் வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். மதியம் பனி கொட்ட ஆரம்பித்ததும் அலுவலகங்கள் எல்லாம் கிட்டத்தட்ட ஒரே நேரத்தில் ஆட்களை வீட்டுக்குப் போகச் சொல்லிவிட்டன. அத்தனை காரும் ஒரே நேரத்தில் சாலைக்கு வந்தால் என்ன ஆகும்? சின்ன ஏற்றத்தில்கூடச் சக்கரம் நின்ற இடத்திலேயே சுற்றியது. எனக்கு முன்னால் இருந்த காரிலிருந்து ஒரு பெரியவர் இறங்கி, கால் வைக்கிற ரப்பர் விரிப்பை உருவி, பின் சக்கரத்துக்கு அடியில் திணித்து, ஏறி உட்கார்ந்து ஒரு முழம் முன்னால் நகர்த்தினார். மறுபடி இறங்கி, விரிப்பை எடுத்து, மறுபடி திணித்தார். இருபது நிமிட வழி. எனக்கு ஐந்து மணி நேரம் ஆனது. பாதிப் பேர் வண்டியை ஓரத்திலேயே விட்டுவிட்டு நடந்து போனார்கள்.

அன்று இரவு ஒன்பது மணிக்கு டியூக் பல்கலைக்கழகத்துக்கும் வட கரோலினா பல்கலைக்கழகத்துக்கும் கூடைப்பந்து ஆட்டம். டியூக் இருப்பது டர்ஹமில், மற்றது பக்கத்து ஊரான சேப்பல் ஹில்லில். இரண்டுக்கும் நடுவே சுமார் 16 கிலோமீட்டர்தான். அந்தப் பக்கத்தில் இந்த ஆட்டம் இருக்கிற இரவில் வேறு எதையும் யாரும் பேசமாட்டார்கள், கல்யாண நாள் குறிக்கும்போதுகூட இதைப் பார்த்துக்கொள்கிற குடும்பங்கள் எனக்குத் தெரியும். அப்படிப்பட்ட ஆட்டம் இன்றைக்கு இல்லை என்று கார் ரேடியோவில் கேட்டேன். டியூக் அணியை ஏற்றிப்போக வேண்டிய பேருந்தே வர முடியவில்லை. எனக்கு வருத்தம் வரவில்லை, சொன்னால் நம்புங்கள், நிம்மதிதான் வந்தது. சேப்பல் ஹில் அரங்கில் 21,000 பேருக்கு மேல் உட்காரலாம். அத்தனை பேரும் அந்தச் சாலையில், அந்த இருட்டில்!

கல்லூரி ஆட்டம் ஏன் தள்ளிப்போகிறது என்று கேட்டால் மழை, பனி, புயல் என்று சொல்லிவிட்டுப் போய்விடலாம். ஆனால் புயல் தானாக ஓர் ஆட்டத்தைத் தள்ளிவைப்பதில்லை. யாரோ ஒருவர் வாயைத் திறந்து “வேண்டாம்” என்று சொல்ல வேண்டியிருக்கிறது. டிக்கெட் விற்றாகிவிட்டது, தொலைக்காட்சிக்காரர்கள் நேரம் ஒதுக்கிவிட்டார்கள், மாணவர்கள் முகத்தில் சாயம் பூசிக்கொண்டு வாசலில் நிற்கிறார்கள். அந்த நேரத்தில் அந்தச் சொல்லைச் சொல்வது லேசுப்பட்ட காரியமில்லை. அப்படிச் சொன்னவர்களைப் பற்றித்தான் இன்று பேச வந்திருக்கிறேன்.

யார் சொல்வது என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். அங்கே கல்லூரிகள் பத்துப் பதினைந்தாகச் சேர்ந்து ஒரு கூட்டமைப்பாக ஆடும், கான்ஃபரன்ஸ் என்பார்கள். ஆட்டத்துக்கு முன்னால் என்றால் அந்தக் கான்ஃபரன்ஸ் அலுவலகமும் இரண்டு கல்லூரிகளும் பேசி முடிவெடுக்கும், ஒளிபரப்புகிறவர்களையும் கலந்துகொள்ளும். ஆட்டம் தொடங்கிய பிறகு களத்தில் ஏதாவது சரியில்லை என்றால் நடுவர் நிறுத்தலாம். சரி, அது விதி. நடப்பதைப் பார்ப்போம்.

நம் மொழியில் பனி என்பது ஒரே சொல். மார்கழி விடியலில் புல் மேல் நிற்பதும் பனி, இமயமலையில் கிடப்பதும் பனி. நான் மாட்டிக்கொண்டது இரண்டாவது. முதலாவது பனியும் பெரிய பெரிய ஆட்டங்களை நிறுத்தியிருக்கிறது. 2011 நவம்பர் 11 அன்று, சான் டியேகோவில் கார்ல் வின்சன் என்ற விமானம் தாங்கிக் கப்பலின் மேல்தளத்தில் மரத் தரை போட்டு, வட கரோலினாவும் மிச்சிகன் ஸ்டேட்டும் ஆடின. அதிபர் ஒபாமாவே வந்து பார்த்தார். அழகாக நடந்து முடிந்தது. அந்த அழகைப் பார்த்து அடுத்த வருடம் ஒன்றுக்கு மூன்றாகக் கப்பல்களில் ஏற்பாடு செய்தார்கள்.

2012 நவம்பர் 9, தென் கரோலினாவில் சார்ல்ஸ்டன் பக்கம், யார்க்டவுன் என்ற பழைய போர்க்கப்பல். மாலையில் பெண்கள் ஆட்டம்: நோட்டர் டேமும் ஒஹாயோ ஸ்டேட்டும். ஒரு தொந்தரவும் இல்லாமல் முடிந்தது. பிறகு சூரியன் இறங்கியது. அடுத்து ஆண்கள் ஆட்டம், ஒஹாயோ ஸ்டேட்டும் மார்க்கெட் பல்கலைக்கழகமும். அதே தரை, அதே கப்பல், ஆனால் இப்போது தரை முழுக்க ஈரம். துண்டைப் போட்டுத் துடைத்தார்கள், ஆட்டக்காரர்களும் குனிந்து துடைத்தார்கள். துடைத்த துண்டு நனைந்ததே தவிர தரை காயவில்லை. ஏன் காயாது என்றால், அந்த நீர் எங்கிருந்தோ ஒழுகி வந்ததில்லை. திறந்த வானத்தின் கீழ் கிடக்கும் பலகை இருட்டியதும் சூட்டை இழந்து சுற்றியுள்ள காற்றைவிடக் குளிர்ந்துவிடுகிறது, தண்ணீர்ப் பக்கத்துக் காற்றிலோ ஈரம் அப்பியிருக்கிறது. அந்தக் காற்று குளிர்ந்த பலகையைத் தொட்டதும் நீராகிவிடுகிறது, ஐஸ் தண்ணீர் ஊற்றிய டம்ளரின் வெளிப்பக்கம் வியர்ப்பது மாதிரி. டம்ளரைத் துடைத்தால் மறுபடி வியர்க்காதா? பாலீஷ் போட்ட மரம் வேறு, ஒரு சொட்டைக்கூட உறிஞ்சாது. ஆட்டம் கைவிடப்பட்டது.

அதே இரவு ஃபுளோரிடாவில், ஜாக்சன்வில் பக்கம், பட்டான் என்ற கப்பலில் ஃபுளோரிடாவும் ஜார்ஜ்டவுனும் ஆடிக்கொண்டிருந்தன. முதல் பாதி முடிந்தபோது ஃபுளோரிடா 27, ஜார்ஜ்டவுன் 23. அங்கேயும் தரை வியர்க்க ஆரம்பித்திருந்தது. முன்னிலையில் இருக்கிற அணி, உட்கார்ந்து பார்க்கிற கடற்படைக்காரர்கள், ஓடிக்கொண்டிருக்கிற ஒளிபரப்பு. இத்தனைக்கும் நடுவில் இரண்டாம் பாதி கிடையாது என்று சொல்லிவிட்டார்கள். மூன்றாவது ஆட்டம் சான் டியேகோவில் மிட்வே கப்பலில். மழை வரும் என்று முன்னதாகவே வெள்ளியிலிருந்து ஞாயிறுக்கு மாற்றியிருந்தார்கள், அது நடந்துவிட்டது.

நான் ஊரில் கல்லூரியில் படிக்கும்போது சிமெண்ட் கோர்ட்டில் ஆடியவன். தை மாதத்தில் இரவு டோர்னமெண்ட் நடக்கும். ஒன்பது மணிக்கு மேல் சிமெண்ட் பிசுபிசுக்கும், கோணிச் சாக்கைப் போட்டு இழுப்போம், ஆனாலும் ஆடுவோம். ஒரு முறை எங்கள் அணிப் பையன் பந்தோடு ஓடி வந்து திரும்பியபோது உடம்பு திரும்பியது, கால் திரும்பவில்லை. முழங்காலுக்குள் ஏதோ தெறித்த சத்தம் எங்கள் பெஞ்சு வரை கேட்டது. அதன் பிறகு அவன் ஆடவே இல்லை. தரை வழுக்குகிறது என்று எங்கள் பத்துப் பேருக்கும் தெரியும், நடுவருக்கும் தெரியும். ஒருவரும் சொல்லவில்லை. அந்தக் கப்பல் ஆட்டங்களைப் பற்றிப் படித்தபோது எனக்கு அவன் ஞாபகம்தான் வந்தது.

மூடிய அரங்கத்திலும் இது நடக்கும் என்பது பலருக்குத் தெரியாது. அங்கே நிறைய அரங்குகளில் ஐஸ் ஹாக்கியும் ஆடுவார்கள். அந்த ஐஸை ஒவ்வொரு முறையும் உருக்கமாட்டார்கள், அதன் மேலேயே காப்புப் பலகை போட்டு, அதற்கு மேல் கூடைப்பந்துத் தரையை அடுக்குவார்கள். குளிர்காலத்தில் திடீரென்று வெளியே வெப்பமான, ஈரமான நாள் வந்து, கதவுகளைத் திறந்து கூட்டத்தை உள்ளே விட்டால் அதே கதை.

தண்ணீர் அதிகமாகி நின்ற ஆட்டம் உண்டு, இல்லாமல் போய் நின்றதும் உண்டு. 2017 பிப்ரவரியில் நான் இன்னும் டர்ஹமில்தான். சேப்பல் ஹில்லில் குடிநீர் சுத்திகரிப்பு நிலையத்தில் ஃபுளோரைடு அளவுக்கு மேல் கலந்துவிட்டது, நிலையத்தை மூடினார்கள். மறுநாளே பெரிய குழாய் ஒன்று உடைந்தது. குழாய்த் தண்ணீரைத் தொடாதீர்கள் என்று ஊருக்கே அறிவிப்பு. பக்கத்து ஊர் கார்பரோவில் இருந்த நம்ம ஊர் நண்பர் ஒருவர், மனைவி குழந்தைகளோடு காலி வாளிகளை அடுக்கிக்கொண்டு எங்கள் வீட்டுக்கு வந்தார். என் மனைவி வாளிகளை ஒவ்வொன்றாக நிரப்பிக்கொண்டே, “இங்கேயும் இதுதானா அண்ணா?” என்று கேட்டாள். அந்தச் சனிக்கிழமை வட கரோலினாவுக்கும் நோட்டர் டேமுக்கும் ஆட்டம். அரங்கம் நன்றாக இருக்கிறது, சாலை நன்றாக இருக்கிறது, இரண்டு அணியும் தயார். ஆனால் அத்தனை ஆயிரம் பேர் வந்தால் குடிக்க என்ன கொடுப்பது, கழிப்பறையில் எதை ஊற்றுவது? ஒரு நாள் தள்ளி, 80 கிலோமீட்டர் தாண்டி கிரீன்ஸ்பரோவில் போய் ஆடினார்கள். கூடைப்பந்துக்குப் பந்தும் வளையமும் போதும் என்று நினைத்தவன் நான். அதற்கு ஓர் ஊரே ஒழுங்காக ஓட வேண்டும் என்று அன்றுதான் புரிந்தது.

2008 மார்ச் 14, அட்லாண்டாவின் ஜார்ஜியா டோம். ஒரு கான்ஃபரன்ஸின் கோப்பைப் போட்டி, அலபாமாவும் மிசிசிப்பி ஸ்டேட்டும். கடைசி நொடியில் அலபாமாவின் மைக்கல் ரைலி எறிந்த மூன்று புள்ளிப் பந்து விழுந்து ஆட்டம் சமனாகி, கூடுதல் நேரத்துக்குப் போனது. அந்தக் கூடுதல் நேரத்தில்தான் சூறாவளி அரங்கத்தின் மேல் வந்து மோதியது. துணிக் கூரை கிழிந்தது, மேலே தொங்கிய விளக்குகளும் ஸ்கோர்போர்டும் ஆடின. வெளியே பூங்காவும் பக்கத்துக் கட்டடங்களும் சேதமாகிக் கிடந்தன. ரைலியின் பந்து விழாமல் போயிருந்தால் பல ஆயிரம் பேர் அந்நேரம் தெருவில் இருந்திருப்பார்கள். ஒரு மணி நேரத்துக்கு மேல் காத்திருந்து அந்த ஆட்டத்தை முடித்தார்கள், அடுத்து இருந்த ஜார்ஜியா, கென்டக்கி ஆட்டத்தை அன்று தொடவில்லை. மறுநாள் ஜார்ஜியா டெக் கல்லூரியின் சின்ன அரங்குக்கு மாற்றினார்கள். டிக்கெட் வாங்கியிருந்த பொதுமக்களுக்கு அனுமதி இல்லை. ஜார்ஜியா அணி சனிக்கிழமை ஒரே நாளில் கென்டக்கியோடும் மிசிசிப்பி ஸ்டேட்டோடும் இரண்டு ஆட்டம் ஆடி, இரண்டிலும் ஜெயித்து, ஞாயிறு ஆர்கன்சாவையும் ஜெயித்துக் கோப்பையை எடுத்தது. எல்லோரும் ஜார்ஜியாவைப் பற்றிப் பேசுகிறார்கள், பேச வேண்டியதுதான். கிழிந்த கூரையின் கீழ் இன்னோர் ஆட்டம் வேண்டாம் என்று டிக்கெட்டையெல்லாம் ஒதுக்கிவைத்தவர்களைப் பற்றி யாரும் பேசுவதில்லை.

2020 மார்ச் 12 அன்று நியூயார்க்கின் மேடிசன் ஸ்கொயர் கார்டனில் செயின்ட் ஜான்ஸும் கிரெய்ட்டனும் பாதி ஆடி முடித்திருந்தபோது கொரோனாவுக்காக நிறுத்தியதும், 1939 முதல் நடந்துவந்த தேசியப் போட்டி அன்று மாலையே முதல் முறையாக ரத்தானதும் உங்களுக்கு ஞாபகம் இருக்கும்.

பயணத்தைப் பற்றிச் சொல்லாமல் முடிக்க முடியாது. 1977 டிசம்பர் 13 அன்று எவன்ஸ்வில் பல்கலைக்கழக அணியை ஏற்றிக் கிளம்பிய விமானம் உடனே விழுந்து 29 பேரும் இறந்தார்கள். 2001 ஜனவரி 27 அன்று கொலராடோவில் ஆட்டம் முடித்துத் திரும்பிய ஓக்லஹாமா ஸ்டேட்டின் மூன்று விமானங்களில் ஒன்று பனிக்கிடையில் விழுந்தது, பத்துப் பேர். அணியின் அடுத்த ஆட்டம் தள்ளிவைக்கப்பட்டது. அந்தப் பத்துப் பேருக்கும் அவர்கள் அரங்கத்திலேயே நினைவிடம் இருக்கிறது.

2017 மார்ச் 8, மிச்சிகன் அணி வாஷிங்டனுக்குப் புறப்பட்ட நாள். பயங்கரக் காற்று. நின்றிருந்த விமானத்தின் வால் பகுதியில் ஒரு பாகத்தைக் காற்று இறுக்கிவிட்டிருந்தது, யாருக்கும் தெரியாது. ஓடுபாதையில் ஒரு வேகத்தைத் தாண்டிவிட்டால் நிறுத்தக் கூடாது, ஏறித்தான் ஆக வேண்டும் என்பது விமானிகளின் பயிற்சி. அந்த வேகத்தைத் தாண்டிய பிறகு விமானியின் பேச்சை விமானம் கேட்கவில்லை. அவர் நிறுத்தினார். பாதையைத் தாண்டி, வேலியை இடித்து, புல்வெளியில் போய் நின்றது. உள்ளே இருந்தவர்கள் எல்லோரும் உயிரோடு இறங்கினார்கள். மறுநாள் காலை வேறு விமானத்தில் போய், சீருடை பழைய விமானத்திலேயே மாட்டிக்கொண்டதால் பயிற்சி உடையோடு ஆடினார்கள். நான்கு நாளில் நான்கு ஆட்டம் ஜெயித்தார்கள். அந்த விமானி ஒரு நொடி தயங்கியிருந்தால் இதைச் சொல்ல ஒன்றும் இருந்திருக்காது.

தள்ளிவைப்பது சும்மா வருவதில்லை. படிக்கிற பிள்ளைகள், வகுப்பு இருக்கும், ஓய்வு வேண்டும். 2014இல் பனிக்காகத் தள்ளிய அந்த ஆட்டத்தால் டியூக் பையன்கள் பிப்ரவரி 18, 20, 22 என்று ஐந்து நாளில் மூன்று ஆட்டம் ஆட வேண்டி வந்தது.

பிப்ரவரி 20 மாலை சாலை காய்ந்திருந்தது. வேலை முடிந்து வரும்போது, போன வாரம் அந்தப் பெரியவர் ரப்பர் விரிப்போடு போராடிய அதே ஏற்றத்தை நாலாவது கியர் வேகத்தில் கடந்தேன். ஓரத்தில் யாரோ விட்டுப்போன வண்டி ஒன்று இன்னும் நின்றது. டியூக்கின் பேருந்து அன்று சேப்பல் ஹில் போய்ச் சேர்ந்தது. டியூக் 66, வட கரோலினா 74. நன்றி, வணக்கம்.