அவள் உறங்குகிறாள், அவர் விழித்திருக்கிறார்

நேயர்களுக்கு வணக்கம்.

காதலர்களின் படம் என்றால் முதலில் முகத்தைத்தான் பார்ப்போம். கல்யாண ஆல்பத்தைப் புரட்டும்போதும் அப்படித்தான். எக்ஸ்பிரஷனிச ஓவியர்களிடம், அதாவது கண்ணில் படுவதைவிட மனதில் கொதிப்பதை வரைந்தவர்களிடம், போகும்போது மட்டும் கைகளைப் பாருங்கள் என்பேன். என் நண்பர்கள் இதைக் கேட்டுக் கேட்டுச் சலித்துவிட்டார்கள். நீங்களும் கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஆஸ்திரிய ஓவியர் ஆஸ்கர் கோகோஷ்கா. 1912-இல் வியன்னாவில் ஆல்மாவைச் சந்திக்கிறார். அவருக்கு வயது 26, ஆல்மாவுக்கு 32. ஆல்மா இசைமேதை குஸ்தாவ் மாலரின் மனைவி. மாலர் இறந்து ஓராண்டுகூட ஆகவில்லை. கோகோஷ்காவுக்குப் பித்தே பிடித்துவிட்டது. கடிதம் மேல் கடிதம். அதோடு சந்தேகம், பொறாமை. ஒரு மகத்தான ஓவியம் தீட்டினால் கல்யாணம் செய்துகொள்கிறேன் என்று ஆல்மா சொன்னதாக ஒரு பேச்சு உண்டு.

தீட்டினார். ‘காற்றின் மணமகள்’ என்ற அந்த ஓவியம் இப்போது சுவிட்சர்லாந்தின் பாசெல் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. இரண்டு மீட்டருக்கு மேல் அகலம். நீலமும் பச்சையும் சாம்பலுமாகச் சுழலும் புயல். நடுவில் ஓடம் போன்ற ஒன்றில் கோகோஷ்காவும் ஆல்மாவும். அவள் அவர் தோளில் சாய்ந்து நிம்மதியாக உறங்குகிறாள். அவர் மல்லாந்து, கண்ணைத் திறந்துகொண்டு கிடக்கிறார். கைகளைப் பாருங்கள். அவளை அணைக்கவில்லை. தன் விரல்களைத் தானே பின்னிக்கொண்டிருக்கிறார், முண்டும் முடிச்சுமாக. பக்கத்திலேயே இருப்பவளை இழந்துவிடுவோமோ என்று பயப்படும் கைகள் அவை.

பயந்தது நடந்தது. முதல் உலகப் போர் வந்தது. கோகோஷ்கா குதிரைப்படையில் சேர்ந்தார். 1915-இல் தலையில் குண்டடி, நெஞ்சில் துப்பாக்கிமுனைக் கத்திக்குத்து. அதே ஆண்டில் ஆல்மா கட்டடக் கலைஞர் வால்டர் க்ரோப்பியஸை மணந்துகொண்டார்.

அப்புறம் நடந்ததுதான் விநோதம். 1918-இல் மியூனிக்கிலிருந்த ஹெர்மினே மோஸ் என்ற பொம்மைக் கலைஞரிடம் ஆல்மாவைப் போலவே ஆளுயரப் பொம்மை செய்யச் சொல்கிறார். தொட்டால் தோல் எப்படி இருக்க வேண்டும் என்றுகூடக் கடிதங்களில் விவரிக்கிறார். கைகளால் காதலித்த மனிதர், சொன்னேனே! மறு ஆண்டு பெட்டி வந்தது. திறந்தால், புசுபுசுவென்று ரோமம் மூடிய உருவம். மனிதர் நொந்துபோனார். ஆனாலும் தூக்கிப் போடவில்லை. அதையே உட்காரவைத்து வரைந்தார். கடைசியில் ஒரு விருந்து இரவில் அதன் தலையைத் துண்டித்து, சிவப்பு ஒயினைக் கொட்டிவிட்டார். காலையில் தோட்டத்தில் கிடந்ததைப் பார்த்துக் கொலை என்று போலீசே வந்துவிட்டதாம்! இதைப் பைத்தியக்காரத்தனம் என்று ஒதுக்கிவிடலாம். எனக்கு அந்தப் பொம்மை ஓவியங்கள் நேர்மையானவையாகவே படுகின்றன. உயிரில்லாத ஒன்றைத்தான் கட்டிக்கொண்டிருக்கிறோம் என்பதை அவர் மறைக்கவே இல்லை.

இன்னொரு ஆஸ்திரிய ஓவியர் எகான் ஷீலேயைப் பற்றி விரிவாகப் பேச நினைத்திருந்தேன். ஸ்டுடியோ கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்து சைகை வந்துவிட்டது. சுருக்கமாகச் சொல்கிறேன். 1915-இல் ஷீலே தன் காதலி வாலியைப் பிரிந்து எடித்தை மணந்தார். அந்த ஆண்டு வரைந்த ‘மரணமும் கன்னியும்’ ஓவியத்தில் ஒருத்தி ஒருவனைக் கட்டிக்கொண்டிருக்கிறாள். அவள் விரல்கள் பட்டும் படாமலும்தான் இருக்கின்றன. எடித்தும் ஷீலேயும் 1918-இல் ஸ்பானிஷ் காய்ச்சலில் மூன்று நாள் இடைவெளியில் இறந்தார்கள். நார்வே ஓவியர் எட்வர்ட் மூங்கின் முத்த ஓவியங்களுக்கு இன்று நேரமில்லை. வாய்ப்புக்கு நன்றி, வணக்கம்.