ஒரே கேம்தான், ஆனா டிஸ்க் வேற வேற!

வணக்கம் மக்களே! பழைய கேம்கள் அழிஞ்சு போகாம இருக்க, டிஸ்க்குகளை நான் கம்ப்யூட்டர்ல காப்பி எடுத்து வைக்கிறேன். "இந்த கேமை யாரோ ஏற்கெனவே காப்பி எடுத்து வச்சிட்டாங்களே, நீங்க எதுக்கு மறுபடியும் எடுக்குறீங்க?"ன்னு நிறைய பேர் கேக்குறீங்க. இன்னைக்கு அதைத்தான் பேசப்போறோம்.

கிரான் டூரிஸ்மோ 2 எடுத்துக்கோங்க. பிளேஸ்டேஷன் கேம். அமெரிக்காவுல முதல்ல வந்த டிஸ்க்குல, தலைகீழா நின்னு ஓட்டினாலும் கேமை 98.2 சதவீதத்துக்கு மேல முடிக்க முடியாது. அப்புறம் அச்சடிச்ச டிஸ்க்குல அதைச் சரி பண்ணிட்டாங்க. அந்தக் காலத்துல நெட்ல அப்டேட் அனுப்புற வசதி ஏது? அடுத்த தடவை அச்சடிக்கும்போது சத்தமில்லாம மாத்திடுவாங்க. பேர் அதேதான், உள்ள இருக்குற ப்ரோக்ராம் வேற.

1998ல வந்த செல்டா ஒக்கரினா ஆஃப் டைம் இன்னும் நல்ல உதாரணம். இது டிஸ்க்குல இல்ல, கார்ட்ரிட்ஜ்ங்கிற சொருகுற பெட்டியில வந்த கேம். முதல் கார்ட்ரிட்ஜ்கள்ல ஃபயர் டெம்பிள்ங்கிற கட்டத்தோட இசைக்குள்ள இஸ்லாமியத் தொழுகைக் குரல் கேக்கும், வில்லன் கானன்டார்ஃபோட ரத்தம் சிவப்பா இருக்கும். பிந்தின பதிப்புல அந்தக் குரல் இல்ல, ரத்தமும் பச்சையாயிடுச்சு. ரெண்டுல ஒண்ணைத்தான் வச்சுக்கலாம்னா எதைத் தூக்கிப் போடுவீங்க? என்னால முடியாதுங்க.

நாட்டுக்கு நாடும் மாறும். அப்போ ஐரோப்பா டிவி 50 ஹெர்ட்ஸ், அதாவது திரை வினாடிக்கு 50 தடவை புதுப்பிக்கும்; ஜப்பான் அமெரிக்காவுல 60. அதனால ஐரோப்பாவுல முதல் சோனிக் கேமே மெதுவா ஓடும், பாட்டு உட்பட. அதைக் குறைபாடுள்ள பதிப்புன்னு ஒதுக்குறது எனக்குப் பிடிக்கல. அங்க வளர்ந்தவங்களுக்கு அந்த வேகம்தான் சோனிக்.

சரி, இப்ப இந்த டிஸ்க்கைப் பாருங்க. திருப்பி, நடு ஓட்டைய ஒட்டி இருக்குற வளையத்தை லைட்டுக்கு நேரா லேசா சாய்க்கிறேன். பொடிப்பொடியா எழுத்தும் நம்பரும் தெரியுதா? எந்த மாஸ்டர்ல (மூல அச்சுல) இருந்து அச்சானதுன்னு சொல்றது அதுதான். அட்டையை நம்பாதீங்க, இதை எழுதி வச்சுக்கோங்க.

காப்பி எடுக்குறப்போ ஃபைலை மட்டும் இழுத்துப் போட்டா பத்தாது. டிஸ்க்குல தகவல் செக்டர்னு சின்னச் சின்னத் துண்டா இருக்கும். ஒரு செக்டர்ல 2352 பைட் இருக்கு, மொத்தத்தையும் எடுக்கணும். ஐரோப்பிய மெடிஈவில் மாதிரி சில கேம்கள்ல லிப்கிரிப்ட்னு ஒரு பூட்டு உண்டு. அது சப்சேனல்ல, அதாவது முக்கியத் தகவலோட கூடவே ஓடுற துணைத் தகவல்ல, ஒளிஞ்சிருக்கும். சாதாரண காப்பியில அது விட்டுப்போயிடும், அப்புறம் கேம் அதைப் போலின்னு கண்டுபிடிச்சிடும்.

எடுத்து முடிச்சதும் ஹாஷ் நம்பரை (ஃபைலோட கைரேகை மாதிரி, உள்ள ஒரு பைட் மாறினாலும் மாறிடும்) ரீடம்ப்ங்கிற இணையத் தளத்துல இருக்குற டிஸ்க் பட்டியலோட ஒத்துப் பாருங்க. கார்ட்ரிட்ஜ்னா நோ-இன்ட்ரோங்கிற பட்டியல். ஒத்துப்போச்சுன்னா, ஏற்கெனவே இருக்குற காப்பி சரின்னு இன்னொரு டிஸ்க் சாட்சி சொல்லுது. அதுவே பெரிய உதவி. ஒத்துப்போகலையா? டிஸ்க்கைத் துடைச்சு வேற டிரைவ்ல படிங்க. அப்பவும் அதே நம்பர் வந்தா, இதுவரைக்கும் யாரும் பதிவு பண்ணாத பதிப்பா இருக்கலாம். அந்த வளைய நம்பரோட சேர்த்து அந்தப் பட்டியல்காரங்களுக்கு அனுப்பிடுங்க, டிஸ்க்கை விக்கிறதா இருந்தா அதுக்கு அப்புறமா வித்துக்கலாம்.