வடபுலத்துப் பாம்புகளை இனங்காணல்

அவையோர் அனைவருக்கும் வணக்கம்.

இலங்கையின் வட மாகாணத்தில் பாம்பைப் பற்றிப் பேச்செடுத்தால், தலை முக்கோணமாக இருந்தால் அது விஷப்பாம்பு என்ற சூத்திரத்தை யாராவது சொல்லாமல் விடமாட்டார்கள். அதை நம்பினால் நாகமும் கட்டுவிரியனும் விஷமற்றவை ஆகிவிடும். அச்சத்தில் தலையைத் தட்டையாக்கிக் காட்டும் விஷமற்ற பாம்புகளோ அடிபட்டுச் சாகும். ஒற்றை அடையாளத்தைப் பற்றிக்கொள்ளாமல், உடற்கோலம் எங்கே தொடங்கி எங்கே மங்குகிறது, பாம்பு எந்த நேரத்தில் எந்த நிலத்தில் கிடந்தது என்பவற்றையும் சேர்த்துப் பார்க்கவேண்டும் என்பதே என் கருத்து.

எண்ணெய் விரியன் என்றும் சொல்லப்படும் கட்டுவிரியனை எடுத்துக்கொள்வோம். கருமேனியில் வெள்ளை வரிகள் கண்டவுடன் நாம் தடி எடுக்கிறோம். ஆனால் வீட்டுச் சுவரில் பல்லி தேடி ஏறும் வெள்ளிக்கோல் வரையனுக்கும் வெள்ளை வரிகள் உண்டு. வரையனின் வரிகள் கழுத்தருகே அகன்று தெளிவாகத் தொடங்கி வால் நோக்கி மங்கிப்போகும். வளர்ந்த கட்டுவிரியனிலோ தலைக்குப் பின்னால் சிறிது தூரம் வரி மங்கலாகவோ இல்லாமலோ இருக்க, வால்புறம் செல்லச் செல்ல மெல்லிய இரட்டை வரிகள் துலங்கும். அதன் முதுகின் நடுவே ஓடும் அறுகோணச் செதில்கள் மற்றவற்றைவிடப் பெரியவை. இரவில் நிலத்தில் பாய் விரித்து உறங்குவோரையே இது பெரும்பாலும் கடிக்கிறது. வலியோ வீக்கமோ அதிகம் இராது, கடிவாய்கூடக் கண்ணுக்குத் தெரியாமல் போகலாம். விடியலில் வயிற்றுவலியோடு எழுந்தவரின் கண்ணிமைகள் சரியத் தொடங்கினால், பாம்பை யாரும் காணாதபோதும் கட்டுவிரியனை நினைக்கவேண்டும்.

மணற்பாங்கான கரையோரங்களில் வாழும் சுருட்டை விரியன் சிறியது. உடலை வளைத்துப் பக்கச் செதில்களை உரசி, வாள் அறுப்பதுபோல் ஒலி எழுப்பும். பூனைப்பாம்பு அதைப்போலவே தோன்றினாலும் உடல் ஒல்லி, கண்கள் பெரியவை.

வன்னி வயல்களில் அறுவடைக் காலத்தில் அஞ்சவேண்டியது கண்ணாடிப் புடையன். முதுகில் மூன்று நிரையாக ஓடும் நீள்வட்டப் புள்ளிகளும் உரத்த சீறலும் அதைக் காட்டிக்கொடுக்கும். ஒழுங்கற்ற திட்டுகளும் கட்டைவாலும் கொண்ட மண்ணுளிப்பாம்பு, பாவம், புடையன் என்றே கொல்லப்படுகிறது. நாகத்தை அம்மன் பேரால் விட்டுவிடும் நம்மவர் இதற்கு அந்தச் சலுகையைக் கொடுப்பதில்லை.

கடிபட்டபின் பாம்பைத் தேடிப் பிடிப்பது நம் வேலையன்று. வெட்டுண்ட தலையும் சிறிது நேரம் கடிக்கும். இறுகக் கட்டாமலும் கீறாமலும் அந்த உறுப்பை அசையாது வைத்து வைத்தியசாலைக்கு விரைவதே முறை. அங்கே இரத்தத்தைக் கண்ணாடிக் குழாயில் 20 நிமிடங்கள் வைத்து, உறைகிறதா என்று பார்த்தே புடையனின் நஞ்சு வேலைசெய்வதை வைத்தியர் அறிந்துகொள்வார். இந்தியாவிலிருந்து வரும் விஷமுறி மருந்து நாகம், கட்டுவிரியன், புடையன், சுருட்டை ஆகிய நான்கின் நஞ்சுக்கெனத் தயாரிக்கப்படுவது. துடுப்புப் போன்ற தட்டை வாலுடைய கடற்பாம்புகள் அதில் அடங்கா. எனவே வலையிழுக்கையில் கடிபட்ட மீனவர், அது கடலில் நேர்ந்தது என்பதை வைத்தியரிடம் முதலில் சொல்லவேண்டும்.