கதவுக்குப் பின்னால் ஒரு கல்

நடுவர் அவர்களுக்கும் அவையோருக்கும் வணக்கம். எகிப்தியத் தொல்லியலைத் தொலைக்காட்சி மக்களிடம் சேர்த்ததா, வேடிக்கைப் பொருளாக்கியதா என்பது தலைப்பு. சேர்த்தது என்று சொல்ல வந்திருக்கிறேன்.

எதிரணித் தலைவர் பத்து நிமிடம் பேசினார். அதில் ஏழு நிமிடம் எகிப்தியத் தொல்லியலாளர் சாஹி ஹவாஸின் தொப்பியைப் பற்றி! சரி, ஒப்புக்கொள்கிறேன். கேமராவைக் கண்டால் அந்த மனிதருக்கு ஒரு குஷி வந்துவிடும். அதற்கு நான் வக்காலத்து வாங்க வரவில்லை. ஆனால் அந்தத் தொப்பிக்காரர் எதைக் காட்டினார் என்று எதிரணி வாய் திறக்கவேயில்லையே?

கல்லறையைத் திறந்தவனை மம்மியின் சாபம் கொல்லும் என்ற பேத்தலைப் பரப்பியது டிவிதான் என்றார்கள். 1923-இல் ஏது ஐயா டிவி? பழைய எகிப்து அரசன் துத்தன்காமுன் கல்லறைச் செய்தியை லண்டன் 'டைம்ஸ்' பத்திரிகைக்கு மட்டும் என்று, தோண்டப் பணம் போட்ட கார்னார்வன் பிரபு எழுதிக் கொடுத்துவிட்டார். எகிப்தியப் பத்திரிகையாளர்களே தங்கள் நாட்டுக் கல்லறைக்கு வெளியே வெயிலில் காய்ந்தார்கள். உள்ளே நடப்பது தெரியாதவன் எதை எழுதுவான்? கொசுக்கடி புண்ணாகிப் பிரபு இறந்ததும் சாபத்தை எழுதினான். கல்லறையைக் கண்டுபிடித்த கார்ட்டரோ 1939 வரை இருந்தார்!

இப்போது 2002 செப்டம்பருக்கு வாருங்கள். பெரிய பிரமிடுக்குள் அரசி அறை என்று சொல்லப்படும் இடத்திலிருந்து, ஒரு சாண் அகலத்தில் ஒரு துவாரம் மேலே போகிறது. அதன் கோடியில் செம்பு முளை இரண்டு பதித்த கல் 'கதவு' ஒன்று இருப்பதை, 1993-இலேயே ஒரு ஜெர்மானியரின் ரோபோ பார்த்துவிட்டது. அப்புறம் ஒன்பது ஆண்டும் ஊகம்தான். புதையல் என்றார்கள், ரகசிய ஏடு என்றார்கள். ஹவாஸ் குழு அந்தக் கல்லில் துளை போட்டு, நேரலையில் கேமராவை நுழைத்தது. உள்ளே என்ன? ஒரு சாண் தள்ளி இன்னொரு கல்!

வேடிக்கை காட்டுகிறவன் இதையா காட்டுவான்? வெறும் கல்லைக் காட்டிவிட்டு அன்றைக்கு அவர்கள் நின்றார்களே, தோண்டும் வேலை பெரும்பாலும் அப்படித்தான் என்று எனக்குப் புரிந்தது அப்போதுதான். என் பாடப்புத்தகத்தில் அது இல்லை.

அடிமைகளைச் சவுக்கால் அடித்துக் கட்டியது பிரமிடு என்றுதானே நாம் நம்பிக்கொண்டிருந்தோம்? 1990-இல் அந்தப் பெரிய பிரமிடு நிற்கும் கீசாவில் ஒரு குதிரை மண்சுவரில் கால் இடற, அங்கே தொழிலாளர் கல்லறைகள் வெளிவந்தன. தோண்டியவர் இதே ஹவாஸ். அரசனின் பிரமிடுக்குப் பக்கத்திலேயே இடம், மறுமைக்கு ரொட்டியும் பீரும். அடிமைக்கு எவன் இதைச் செய்வான்? முறிந்த எலும்புகள் சரியாகக் கூடியிருந்தன, யாரோ வைத்தியம் பார்த்திருக்கிறார்கள்.

மணி அடிக்காதீர்கள் நடுவரே, ஒரே நிமிடம். என் அம்மா எட்டாம் வகுப்புதான். டிவியில் அந்த எலும்பைக் காட்டியபோது அரிவாள்மனையை ஓரம் வைத்துவிட்டுப் பக்கத்தில் வந்து பார்த்தார். "புத்தூர்க் கட்டு மாதிரி நல்லாக் கட்டியிருக்காங்கடா" என்றார்.