நூறு மீட்டருக்கு அப்பால் ஓர் உயிர்: 'மடோகா மேஜிகா'வின் உண்மையான திகில் எது?

வணக்கம். பாலத்தின் மேல் நிற்கும் ஒரு சிறுமி, தன் தோழியின் கையிலிருந்த நீல நிற நகையைப் பறித்துக் கீழே நெடுஞ்சாலையில் வீசுகிறாள். அது ஓடும் லாரி ஒன்றின் மேல் விழுகிறது. சற்று நேரத்தில் தோழி உயிரற்றுச் சரிகிறாள். ஒரு சொட்டு இரத்தமும் சிந்தாத இந்தக் காட்சியைப் போல் வேறெந்த உடல்திகில் காட்சியும் என்னை உலுக்கியதில்லை. கதையின் முடிச்சுகளை அவிழ்த்தே பேசப்போகிறேன் என்பதால், 'மடோகா மேஜிகா' என்னும் இந்த ஜப்பானிய அனிமேஷன் தொடரைப் பார்க்காதவர்கள் பார்த்துவிட்டு வாருங்கள். காணொளி இங்கேதான் இருக்கும்.

முன்கதை சுருக்கமாக: மாயசக்தி பெற்ற சிறுமிகளின் கதைகள் ஜப்பானியத் தொலைக்காட்சியில் 1960களிலேயே வந்துவிட்டன, 1992இல் வந்த 'செய்லர் மூன்' அவற்றை உலகெங்கும் கொண்டுசென்றது. 2011இல் ஷாஃப்ட் நிறுவனம் தயாரிக்க, கென் உரோபுச்சி எழுதி, அகியுகி ஷின்போ இயக்கிய 12 அத்தியாயத் தொடர்தான் 'மடோகா மேஜிகா'. மூன்றாம் அத்தியாயத்தில் ஒருத்தியின் தலை கடிக்கப்படுவதைப் பற்றியே எல்லோரும் பேசுகிறார்கள். என் கணக்கில் அது வெறும் அதிர்ச்சிதான்.

திகில் ஆறாம் அத்தியாயத்தில் இருக்கிறது. ஒரு வேண்டுதலை நிறைவேற்றித் தருவதாகச் சொல்லிச் சிறுமிகளுடன் ஒப்பந்தம் செய்யும் கியூபே என்னும் வெள்ளைப் பிராணி, அவர்களுடைய ஆன்மாவையே வெளியில் எடுத்து அந்த நகையாக மாற்றிவிடுகிறது. நகை நூறு மீட்டருக்கு மேல் விலகினால் உடல் இயங்காது. ஏழு கடல் தாண்டி, ஏழு மலை தாண்டி, கிளிக்குள் தன் உயிரை ஒளித்துவைத்த மந்திரவாதியின் கதையைக் கேட்டு வளர்ந்த நமக்கு இது புதிதன்று; ஆனால் அந்த மந்திரவாதிக்குத் தன் உயிர் எங்கே இருக்கிறது என்பதாவது தெரியும். பாலத்தில் உயிரற்றுச் சரிந்த அந்தத் தோழி சயாகாவுக்கோ, தான் நடமாடும் உடல் வெறும் கூடு என்பதை யாரும் சொல்லவில்லை. ஏன் சொல்லவில்லை என்று கேட்டால், "நீங்கள் கேட்கவில்லையே" என்ற தோரணையில் விளக்கம் வருகிறது. வங்கிக் கடன் பத்திரத்தின் பொடி எழுத்துகூட இதைவிட நேர்மையானது!

கியூபேயைப் பொறுத்தவரை, சண்டையில் வலியைக் குறைப்பதால் இது ஓர் உதவி. அடுத்த அத்தியாயத்தில் அது சயாகாவின் நகையைத் தொட்டு, முந்தைய சண்டையில் ஈட்டி பட்டபோது அவள் உண்மையில் அனுபவித்திருக்க வேண்டிய வலியைக் காட்டுகிறது. அவள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு துடிக்கிறாள். பிறகு ஒரு சண்டையில் அவள் வலியை முற்றிலும் துண்டித்துவிட்டு, உடல் கிழிபடக் கிழிபடச் சிரித்தபடி வெட்டிக்கொண்டே போகிறாள். எதிரில் நிற்கும் பகையைவிட அந்தச் சிரிப்புதான் பயங்கரமானது.

நேரம் கிடைத்தால் ஐந்தாம் அத்தியாயத்தின் தொடக்கத்தை மறுபடியும் பாருங்கள். கியூபேயின் நீண்ட காதுகள் சயாகாவின் நெஞ்சைத் தொடுகின்றன, அவள் முகம் சுளித்து முனகுகிறாள், நீல ஒளி வெளிவருகிறது. முதல்முறை பார்த்தபோது அதை அழகான மாயக்காட்சி என்றுதான் நான் நினைத்தேன். நீங்கள் என்ன நினைத்தீர்கள் என்பதைக் கருத்துப் பகுதியில் எழுதுங்கள்.